நாற்பத்திரண்டாம் எண்ணின் கொண்டை ஊசி

காலை ஒன்பதேகால் மணிக்கு, அருங்காட்சியகத்தின் பின்கட்டில் வாளிகளும் துடைப்பங்களும் வைக்கும் அறைக்கு அடுத்த அறையில், ஐம்பத்துமூன்று வயதுப் பெண்மணி ஒருவர் தம் கைகளில் முழங்கை வரை மஞ்சள் சாயம் பூசிக்கொள்வார். பிறகு கழுத்திலும் காதோரங்களிலும் பூசுவார். கண்ணாடியில் பார்த்துத் திருப்தி ஏற்பட்டதும், ஒரு முடிகூட வெளியே தெரியாதபடி சாம்பல் நிறத் துணியால் தலையை இறுகக் கட்டுவார். அங்கியில் பொத்தான் கிடையாது, நாடாதான். செருப்பின் அடிப்பகுதி கம்பளித்துணியால் ஆனது. பத்து மணி அடித்து மூன்றாம் கூடத்தில் ஒரு படி உயர்த்திப் போட்ட மரத்தரையில் அவர் கால் வைத்துவிட்டால் அதன்பின் அவர் அவரல்லர். எழுபத்தெட்டு ஆண்டுகளுக்கு முன், போர்க்காலத்தில், இதே கட்டடத்தில் பீரங்கிக் குண்டுகளுக்குள் வெடிமருந்து நிரப்பிய நானூறு பெண்களில் ஒருத்தி.

அங்கே எல்லாரும் அவரை மஞ்சள் அக்கா என்றே அழைத்தார்கள். காவலாளி அப்படி அழைத்தார். இயக்குநரும் அப்படித்தான் அழைத்தார். சாயம் கழுவினால் முக்கால் பங்குதான் போகும். மீதிக் கால் பங்கு அவருடன் வீட்டுக்கு வந்து, தலையணை உறையிலும் சோற்றுக் கரண்டியின் பிடியிலும் தங்கிவிடும்.

முன்பு அவர் தொலைபேசி நிலையத்தில் பதினெட்டு ஆண்டுகள் இணைப்புக் கொடுத்தவர். நிலையத்துக்கு இயந்திரம் வந்தபின், வீட்டில் சும்மா இருக்கப் பிடிக்காமல் இங்கே நுழைவுச்சீட்டு கிழிக்கும் வேலைக்கு வந்தார். அவருடைய குரலைக் கேட்ட அன்றைய காப்பாட்சியர், "சீட்டைக் கிழிக்க யாரா இருந்தாலும் போதும். நீங்க உள்ள வாங்க" என்று மூன்றாம் கூடத்துக்கு அழைத்துப் போனார். காப்பாட்சியர் கறாரான பெண்மணி. கூடத்தில் சொல்லும் ஒவ்வொரு வாக்கியத்துக்கும் ஓர் அட்டை இருக்க வேண்டும் என்பது அவர் வகுத்த விதி. ஏட்டில் உள்ள செய்திக்கு நீல அட்டை; ஆள் சொன்ன செய்திக்கு வெள்ளை அட்டை. வெள்ளை அட்டையில் இரண்டு பேர் சாட்சி சொல்லியிருக்க வேண்டும். "ஒரு வாய் சொன்னா அது சேதி. ரெண்டு வாய் சொன்னாத்தான் சரித்திரம்" என்பார். அவர் ஓய்வு பெற்றுக் கடல் கடந்து மகனிடம் போய்விட்டார். அட்டைப் பெட்டி மட்டும் கூடத்தின் பின்னறையில் இருந்தது.

"என் கையைப் பாருங்க." மஞ்சள் அக்காவின் உரை இப்படித்தான் தொடங்கும். "வெடிமருந்து ஒட்டின மஞ்சள் இது. சோப்பு போட்டுப் பாத்தாச்சு, சாம்பல் போட்டுத் தேச்சாச்சு, மண்ணெண்ணெயும் பாத்தாச்சு. போகலை. என் புள்ள கன்னத்தைத் தொட்டா கன்னம் மஞ்சளாகுது. சாப்பாட்டுக் கூடத்துல எங்களுக்குத் தனி பெஞ்சு. மத்தவங்க துணியில ஒட்டிக்குமாம். எனக்குப் பக்கத்துல நிக்கிறவ போர்முனையில இருக்கிற வீட்டுக்காரருக்குக் கடுதாசி போட்டா. 'நான் நெரப்பினது தப்பித்தவறி உங்க பக்கம் வந்துச்சுன்னா கொஞ்சம் குனிஞ்சுக்கோங்க'ன்னு."

கூடம் சிரிக்கும். சிரிப்பு முழுதும் அடங்குமுன் அவர் குரலைத் தாழ்த்துவார். வெடிமருந்து நிரப்பும் மருந்தறையின் வாசலில் ஒருத்தி ஒவ்வொருவரின் தலையையும் தடவிப் பார்த்துத்தான் உள்ளே விடுவாள். மோதிரம் கூடாது, வளையல் கூடாது, ஊசி கூடாது. இரும்பு பட்டுப் பொறி பறந்தால் அத்தனை பேரும் சாம்பல். இவ்வளவும் நீல அட்டைகளில் இருந்தவை. பிறகு அந்த இடம் வரும்.

"அன்னைக்கு நாப்பத்திரெண்டாம் நம்பர்க்காரிக்கு நேரமாயிடுச்சு. ஓடி வந்தா. தலைக்குள்ள ஒரே ஒரு கொண்டை ஊசி. மறந்துட்டா. மருந்துச் சட்டி மேல குனிஞ்சா. ஊசி நழுவுச்சு."

அவர் நிறுத்துவார். மனத்துக்குள் மூன்று வரை எண்ணுவார். "ஏழு பேர்" என்பார். அந்த மூன்று எண்ணிக்கையில் கூடம் முழுவதும் மூச்சடங்கி அவர் கைக்குள் இருக்கும். அடுத்த ஊரிலிருந்து பள்ளிக்கூடங்கள் வண்டி கட்டிக்கொண்டு வந்தது இதற்காகத்தான்.

ஒரு செவ்வாய்க்கிழமை, உரை முடிந்து கூட்டம் கலைந்துகொண்டிருந்தது. முன்வரிசையில் இருந்த மூதாட்டி ஒருவர் மட்டும் எழவில்லை. மடியில் ஒரு துணிப்பையை இரண்டு கைகளாலும் பிடித்திருந்தார்.

"ஏம்மா, ஒரு சந்தேகம்."

"கேளுங்க, அம்மா."

"ஊசியை யார் பாத்தது?"

மஞ்சள் அக்காவுக்குக் கேள்வி விளங்கவில்லை.

"அந்த அறையில இருந்த ஏழு பேரும் போயிட்டாங்கன்னு நீயே சொன்ன. அப்புறம் ஊசி நழுவினதை யார் பாத்தது? வாசல்ல தடவிப் பாக்கிறவ ஒருத்தி இருந்தாளே, அவ கை என்ன பண்ணிட்டிருந்துச்சு?"

வெளியேறிக்கொண்டிருந்தவர்களுள் இரண்டு மூன்று பேர் நின்று திரும்பினார்கள்.

"எல்லாத்துக்கும் இங்க ஆவணம் இருக்கு, அம்மா. ஆவணம் இல்லாம நாங்க ஒரு வார்த்தை பேசறதில்லை."

"அப்படியா? ரொம்ப நல்லது." மூதாட்டி மெல்ல எழுந்தார். "நாப்பத்திரெண்டாம் நம்பர் எங்கம்மா. வெள்ளிக்கிழமை வரேன். எடுத்து வைம்மா, நான் பாக்கணும்."

குரலில் கோபமில்லை. கோபம் இருந்திருந்தால் மஞ்சள் அக்கா தாங்கிக்கொண்டிருப்பார்.

அந்த வெள்ளிக்கிழமை விபத்தின் ஆண்டு நினைவு நாள். அன்று மூன்றாம் கூடத்தின் வடக்குச் சுவரில் ஆளுயரக் கருங்கல் ஒன்றைத் திறப்பதாக இருந்தார்கள். கல் ஏற்கெனவே வந்து, சுவரில் பதிக்கப்பட்டு, பச்சைத் திரைக்குப் பின்னால் நின்றது. அதில் என்ன எழுதியிருந்தது என்பது மஞ்சள் அக்காவுக்குத் தெரியும். மெய்ப்புப் பார்த்துக் கொடுத்தவரே அவர்தாம். 'நாற்பத்திரண்டாம் எண் தொழிலாளியின் கூந்தலில் தவறுதலாக இருந்துவிட்ட கொண்டை ஊசியால் நேர்ந்த தீயில் உயிர்நீத்த எழுவர் நினைவாக.' அந்த மூதாட்டி தம் கண்ணெதிரே, நூறு பேர் கைதட்ட, தம் தாயின் மேல் சுமத்தப்பட்ட பழியைக் கல்லில் படிக்கப்போகிறார். ஆவணம் இருந்தால் அது வருத்தம். இல்லாவிட்டால்? அந்த 'இல்லாவிட்டால்' என்பதை மஞ்சள் அக்கா அன்று நினைத்துப் பார்க்கவே இல்லை.

புதன்கிழமை காலை அவர் பெட்டியைத் திறந்தார். ஊசிக்கு நீல அட்டை இருந்தது. அட்டையைக் கண்டதும் நெஞ்சு லேசாயிற்று. 'ஆதாரம்: நினைவு மலர், பக்கம் 14' என்று தட்டச்சில் அடித்திருந்தது. நினைவு மலர் ஒரு கல்லூரி விரிவுரையாளர் தொகுத்தது. விற்பனை மேசையில் அடுக்கியிருக்கும் நூல்தான். ஒரு பிரதியை எடுத்துப் பதினான்காம் பக்கத்தைப் புரட்டினார். ஊசி இருந்தது. ஊசியின் தலைமேல் ஒன்பது என்று ஒரு சிறு எண். பக்கத்தின் அடியில் ஒன்பதாம் குறிப்பைத் தேடிப் படித்தார்.

'மூன்றாம் கூட விளக்கவுரையில் கேட்டது.'

இன்னொரு முறை படித்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு மூன்றாம் முறையும் படித்தார். மூன்றாம் கூட விளக்கவுரை என்பது வேறு யாருமில்லை, அவரேதான். ஊருக்கெல்லாம் ஆவணம் இருக்கிறது என்று அடித்துச் சொன்ன ஆவணத்தின் அடிவேரில் அவருடைய வாய் உட்கார்ந்திருந்தது.

விசாரணை அறிக்கை நிலைப்பேழையில் இருந்தது. பதினாறு பக்கம். நின்றபடியே கடைசிப் பக்கத்துக்குப் போனார். 'தீ நாற்பத்திரண்டாம் எண் மேசைக்கருகில் தொடங்கியதாகத் தெரிகிறது. காரணம் அறிய இயலவில்லை.' அவ்வளவுதான். ஊசியும் இல்லை, ஓடி வந்ததும் இல்லை, மறந்ததும் இல்லை.

அப்போதுதான், பதினொரு ஆண்டுகளாகத் திறக்காத கதவொன்று திறந்ததுபோல் அவருக்கு நினைவு வந்தது. அதற்கு முந்தைய ஆண்டுகளில் அவர் உரை, 'தீப்பிடித்தது, ஏழு பேர் இறந்தார்கள், காரணம் தெரியவில்லை' என்றே முடியும். முடிந்ததும் பிள்ளைகள் கொட்டாவி விடுவார்கள். ஒரு நாள் இரட்டைப் பின்னல் போட்ட மாணவி ஒருத்தி, "அது எப்படித் தெரியாமப் போகும்? யாரோ தப்புப் பண்ணித்தானே இருப்பாங்க?" என்று விடாப்பிடியாகக் கேட்டாள். பின்னால் சுவரில், உள்ளே கொண்டுவரக் கூடாத பொருள்களின் பட்டியல் தொங்கியது. ஐந்தாவது, கொண்டை ஊசி. "யாராவது தலையில ஊசியோட வந்திருக்கலாம்" என்றார் மஞ்சள் அக்கா. கூடம் அப்படியே உறைந்து நின்றது. அந்த உறைவின் ருசி அவருக்குப் பிடித்துப்போயிற்று.

முதல் வாரம் 'வந்திருக்கலாம்'. இரண்டாம் வாரம் 'வந்தாள்'. மாதக் கடைசியில் அவளுக்கு ஓர் எண் வேண்டியிருந்தது. தீ தொடங்கிய மேசையின் எண் கைவசம் இருந்தது. பிறகு விரிவுரையாளர் வந்து, பெஞ்சில் அமர்ந்து, குறிப்பேட்டில் எழுதிக்கொண்டார். அட்டைகளைக் கணினியில் ஏற்றியபோது, அட்டை இல்லாத வரிகளுக்கெல்லாம் அலுவலக எழுத்தர் மலரைப் பார்த்து அட்டை போட்டு வைத்தார். உதவியாகத்தான் செய்தார். யாரும் பொய் சொல்லவில்லை. எல்லாரும் ஒருவரையொருவர் நம்பினார்கள்.

அன்று மாலை வீட்டுக்குப் போனபோது, அவருடைய கணவர் முன்னறையில் ஒற்றைக் கண்ணில் உருப்பெருக்கியை மாட்டிக்கொண்டு, ஒரு கைக்கடிகாரத்தின் வயிற்றைத் திறந்து வைத்திருந்தார். கடிகாரம் பழுது பார்ப்பது அவர் தொழில். தலை நிமிராமலே மனைவியின் காலடியைக் கேட்டுக் கணித்துவிடுவார்.

"என்ன, இன்னைக்குப் போர்ல நாம தோத்துட்டமா?"

"விளையாடாதீங்க." மஞ்சள் அக்கா கைகூடக் கழுவாமல் முக்காலியில் அமர்ந்து எல்லாவற்றையும் சொன்னார். கணவர் உருப்பெருக்கியைக் கழற்றினார்.

"ஆக, பதினோரு வருஷமா ஒரு பொய்யைக் கூடத்துல குடி வெச்சிருக்கே."

"பொய்யின்னு நெனச்சு நான் சொல்லலைங்க."

"அதுதான் ஆபத்து. பொய்யின்னு தெரிஞ்சு வெச்சவன் எப்பவாவது காலி பண்ணச் சொல்லுவான். நீ அதுக்கு ரேஷன் கார்டே வாங்கிக் குடுத்துட்டே. இப்ப கல்வெட்டு வேற."

"சொன்னா என் வேலை போயிடும். ஏற்கெனவே பாக்க வர்றவங்க காதுல மாட்டுற மிஷின் வாங்கப் போறோம், குரலைப் பதிஞ்சு வெச்சுட்டாப் போதும்னு பேசிட்டிருக்காங்க."

"போனா இங்க வந்து உக்காரு. ஓடாத கடிகாரம் நாப்பது இருக்கு. கதை சொல்லு. ஒண்ணும் எந்திரிச்சுப் போகாது."

அவருக்குச் சிரிப்பு வரவில்லை. கணவரும் சிரிக்கவில்லை. இடுக்கியைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டார்: "அந்தம்மாவுக்கு என்ன வயசிருக்கும்?"

"எண்பத்திநாலு, அஞ்சு."

"அப்ப, 'பொறுங்க, அப்புறம் பாத்துச் சொல்றோம்'னு சொல்ல உங்களுக்கு நேரம் இல்லை." உருப்பெருக்கியை மறுபடியும் கண்ணில் மாட்டிக்கொண்டார். "எனக்குத் தெரிஞ்சது அவ்வளவுதான். மேல பேசினா என் கை நடுங்கும், இந்தப் பல்சக்கரம் தெறிச்சுடும்."

வியாழக்கிழமை பதினொரு மணிக்கு அவர் இயக்குநரின் அறைக் கதவைத் தட்டினார். இயக்குநர் வயதில் இளையவர், படித்தவர், நல்லவர். மறுநாள் விழாவுக்கான அழைப்பிதழ்ப் பட்டியலுக்கு நடுவே உட்கார்ந்திருந்தார். மலரின் பதினான்காம் பக்கத்தையும் அறிக்கையின் கடைசிப் பக்கத்தையும் மஞ்சள் அக்கா மேசைமேல் வைத்தார். இயக்குநர் இரண்டையும் படித்தார். எழுந்து போய் அறைக் கதவைச் சாத்தினார்.

"இது வேற யாருக்குத் தெரியும், அக்கா?"

"எனக்கும் உங்களுக்கும். என் வீட்டுக்காரருக்கும்."

"கல்லு வெட்டியாச்சு. அறக்கட்டளைத் தலைவர் வரார். பத்திரிகைக்காரங்க வராங்க. நாளைக்கு விட்டுடுங்க. எப்பவும் சொல்றதைச் சொல்லிடுங்க. அடுத்த மாசம் ஒரு குழு போட்டு, பதமா, மெதுவா மாத்திக்கலாம்."

"அந்தம்மா நாளைக்கு வராங்க, சார். ஆவணம் கேட்டு வராங்க."

"அவங்களை நான் என் ரூமுக்குக் கூட்டிட்டு வந்து பேசிக்கறேன். நீங்க வேணும்னா ஒண்ணு பண்ணுங்க. 'ஊசி இருந்திருக்கலாம்'னு சொல்லுங்க. ரெண்டு பக்கமும் தப்பிச்சுக்கலாம்."

"நான் அதுலதான் சார் ஆரம்பிச்சேன்."

இயக்குநர் பேனாவை மூடினார், திறந்தார், மறுபடி மூடினார். "நீங்க கூடத்துல எதையாவது மாத்திப் பேசினா, நாளைக்கு மறுநாள் அந்தக் கூடத்துல உங்க இடத்துல மிஷின்தான் பேசும். மிரட்டறதுக்காகச் சொல்லலை. மேல இருக்கறவங்க அதுக்குத்தான் ஒரு சாக்குத் தேடிட்டிருக்காங்க. என்னால தடுக்க முடியாது. புரியுதா?"

"புரியுது, சார்."

புரிந்தது சரி, ஒப்புக்கொண்டாரா என்பதை இயக்குநர் கேட்கவில்லை; மஞ்சள் அக்காவும் சொல்லவில்லை.

வெள்ளிக்கிழமை கூடம் நிரம்பி வழிந்தது. முன்வரிசையின் நடுவில் அறக்கட்டளைத் தலைவர், அவருக்கு வலப்பக்கம் இயக்குநர். இடப்பக்கக் கோடியில், யாரும் அழைக்காமலே வந்து இடம்பிடித்து, துணிப்பையை மடியில் வைத்திருந்த மூதாட்டி. இயக்குநர் அவரைத் தம் அறைக்கு அழைத்துப் பார்த்திருக்கிறார்; "முதல்ல கேக்கறேன், அப்புறம் வரேன்" என்று அவர் மறுத்துவிட்டதாகக் காவலாளி வாசலிலேயே சொல்லியிருந்தார்.

மஞ்சள் அக்கா மரத்தரையில் கால் வைத்தார்.

"என் கையைப் பாருங்க" என்றார். சோப்பு, சாம்பல், மண்ணெண்ணெய். தனி பெஞ்சு. குனிஞ்சுக்கோங்க என்ற கடிதத்துக்குத் தலைவர் வாய்விட்டுச் சிரித்தார். மூதாட்டி சிரிக்கவில்லை. வாசலில் தலை தடவுகிறவள் வந்தாள். மோதிரம், வளையல், ஊசி. ஒவ்வொரு வாக்கியமும் அடுத்ததை முதுகில் கைவைத்துத் தள்ளியது. இத்தனை ஆண்டுப் பழக்கத்தில் நாக்கு தானாக ஓடியது. நிறுத்தாவிட்டால் அது தானாகவே சொல்லிவிடும் என்ற பயம் அவரைப் பிடித்துக்கொண்டது.

"அன்னைக்கு நாப்பத்திரெண்டாம் நம்பர்க்காரிக்கு..."

அவர் நிறுத்தினார். மனத்துக்குள் மூன்று எண்ணினார். கூடம் மூச்சடங்கியது. ஆறு எண்ணினார். யாரோ இருமினார்கள். இயக்குநர் இருக்கையின் நுனிக்கு வந்து, கண்களாலேயே 'சொல்லுங்க' என்றார்.

மஞ்சள் அக்கா கையைத் தூக்கித் தலைத்துணியின் முடிச்சை அவிழ்த்தார். நரைத்த கூந்தல் தோளில் விழுந்தது. மருந்தறைப் பெண்ணாக நிற்கும்போது அந்தக் கூடத்தில் அவர் முடியை யாரும் பார்த்ததில்லை.

"இவ்வளவு நேரம் பேசினது அந்தக் காலத்துப் பொண்ணு. இனிமே பேசறது நான், இங்க சம்பளத்துக்கு வேலை பாக்கறவ. நாப்பத்திரெண்டாம் நம்பர் தொழிலாளி தலையில ஊசி இருந்துச்சுன்னு பதினோரு வருஷமா சொல்லிட்டு வரேன். அதுக்கு ஆதாரம் கிடையாது. ஏட்டுல இல்லை. பாத்தவங்க இல்லை. ஒரு பொண்ணு கேள்வி கேட்டப்போ பதில் தெரியாம என் வாயில வந்தது அது. அதைக் கேட்டுப் புத்தகத்துல எழுதினாங்க. புத்தகத்தைப் பாத்து அட்டையில எழுதினாங்க. அட்டையைப் பாத்து நான் மறுபடி சொன்னேன். இப்ப இந்தக் கல்லுலயும் இருக்கு."

பச்சைத் திரையைக் கைகாட்டினார். கூடத்தில் சலசலப்பு எழுந்தது. தலைவர் இயக்குநரின் பக்கம் திரும்பி ஏதோ கேட்டார். இயக்குநர் தரையைப் பார்த்தார். ஒரு பத்திரிகைக்காரர் எழுந்து நின்று எழுதத் தொடங்கினார்.

பின்வரிசையிலிருந்து ஓர் ஆண்குரல் கேட்டது: "அப்ப நெருப்பு எப்படித்தான் வந்துச்சு?"

"தெரியாது."

"தெரியாதுன்னா எப்படிங்க? இவ்வளவு பெரிய மியூசியம்!"

"விசாரணை பண்ணினவங்களுக்கே தெரியலை. காரணம் அறிய இயலவில்லைன்னு எழுதியிருக்காங்க. அந்த ஒரு வரியைச் சொல்லிட்டு நிறுத்திக்க எனக்குத் தைரியம் இல்லாமப் போச்சு." இடப்பக்கக் கோடிக்குத் திரும்பினார். "அம்மா, நீங்க கேட்ட ஆவணம் என்கிட்ட இல்லை. உங்கம்மா மேல பழி போட்டது நான்தான். மன்னிக்கணும்."

மூதாட்டி துணிப்பைக்குள் கைவிட்டு, ஓரம் மடிந்த நினைவு மலர் ஒன்றை எடுத்தார்.

"மன்னிப்பை யார்கிட்ட கேக்கறே? எங்கண்ணன் இந்தக் கூடத்துக்கு வந்தான். ஆறு வருஷம் ஆச்சு. என்கிட்டச் சொல்லலை. வந்து உன் கதையைக் கேட்டுட்டு, இந்தப் புஸ்தகத்தை வாங்கிட்டு, வீட்டுக்குப் போய் அம்மா படத்தைச் சுவத்துலேருந்து கழட்டிட்டான். ஏண்டா அண்ணான்னு கேட்டேன். கண்ணாடி உடைஞ்சிருக்குன்னான். உடையலை. போன மாசம் அவன் போனப்புறம் அவன் பெட்டியில இது கெடந்துச்சு. பதினாலாம் பக்கம் மடிச்சிருந்துச்சு."

மஞ்சள் அக்கா மலரின் மடிந்த ஓரத்தைப் பார்த்தார்.

"இன்னும் கேளு. அந்த விபத்துக்கு முன்னால எங்கம்மாவுக்கு விஷக் காய்ச்சல். பத்தொன்பது நாள். டாக்டர் சொல்லித் தலையை மழிச்சுட்டாங்க. வேலைக்குத் திரும்பிப் போனப்போ மொட்டைத் தலை. எனக்கு ஆறு வயசு, எங்கண்ணனுக்கு ஒன்பது. ராத்திரி அவ தலையைத் தடவித் தடவித்தான் ரெண்டு பேரும் தூங்குவோம், முள்ளு முள்ளா இருக்கும். ஊசியை எதுல குத்துவா? மண்டையிலயா?" குரல் முதன்முறையாக உடைந்தது. "தன் கையால தடவினவன் அவன். அவனே ஒரு நாள் என்கிட்ட, 'அம்மாவுக்கு அப்ப முடி இருந்துச்சா?'ன்னு கேட்டான். ஏன் கேக்கறான்னு எனக்குப் புரியலை. தன் கையை நம்பாம உன் வாயை நம்பிட்டான்மா."

கூடத்தில் அசைவில்லை. இந்த நிசப்தத்தில் மஞ்சள் அக்காவுக்கு ருசி எதுவும் தெரியவில்லை.

"இப்பச் சொல்லு" என்றார் மூதாட்டி. "அந்தத் துணியைக் கட்டிக்கோ. அந்தக் குரல்ல சொல்லு. நாப்பத்திரெண்டாம் நம்பருக்குத் தலையில முடியே இல்லைன்னு, கூட நின்னவ மாதிரி சொல்லு. எல்லாரும் கேக்கட்டும்."

மஞ்சள் அக்கா துணியைக் கையில் பிடித்தபடி நின்றார். கட்டிக்கொண்டு சொல்லிவிட்டால் போதும். மூதாட்டியின் நெஞ்சு ஆறும். கூடம் கண்ணீர் விடும். தலைவர்கூட எழுந்து கைதட்டிவிடலாம். ஊசியை விட இந்த மழித்த தலை ஆயிரம் மடங்கு உருக்கமான கதை. அதுதான் அவரை அச்சுறுத்தியது. நேற்றுவரை அவர் அதைத் தயங்காமல் செய்திருப்பார்.

"சொல்ல மாட்டேன், அம்மா."

யாரோ 'ச்சே' என்றார்கள். மூதாட்டியின் முகம் கல்லாயிற்று.

"நீங்க சொல்றதை நான் நம்பறேன். ஆனா நான் அவங்க கூட நிக்கலை. கூட நின்ன மாதிரி பேசிப் பேசித்தான் உங்கண்ணன் தன் கையையே நம்பாமப் பண்ணினேன். மறுபடியும் என் வாயில போட்டு மெல்ல மாட்டேன். தலையைத் தடவினது நீங்க. நீங்க சொல்லுங்க. நான் கேக்கறேன்."

மூதாட்டி அவரை நெடுநேரம் பார்த்தார். கன்னத்தில் அறைவதா, கையைப் பற்றுவதா என்று முடிவு செய்யாத பார்வை. பிறகு துணிப்பையைப் பக்கத்திலிருந்தவரிடம் கொடுத்தார்.

"கை குடு. படி உசரமா இருக்கு."

மஞ்சள் அக்கா ஓடிப்போய்க் கை கொடுத்தார். அவர் கையிலிருந்த சாயம் மூதாட்டியின் விரல்களில் ஒட்டியது. மரத்தரையின் விளிம்பில் மூதாட்டி நின்றார்.

"செருப்பைக் கழட்டணுமோ?"

"ஆமாம், அம்மா. ஆணி இருக்கும்."

"இப்பவுமா?"

"பழக்கம், அம்மா."

மூதாட்டி செருப்பைக் கழற்றிவிட்டு ஏறினார். மஞ்சள் அக்கா இறங்கி, அவர் எழுந்துபோன இருக்கையில் அமர்ந்தார். திரைக் கயிற்றின் அருகே நின்ற பணியாளர் தலைவரைப் பார்த்தார். தலைவர் வேண்டாம் என்று கையசைத்தார். இயக்குநர் எழுந்து வந்து குனிந்து, மஞ்சள் அக்காவின் காதில், "திங்கக்கிழமை ரூமுக்கு வாங்க" என்று மட்டும் சொன்னார். அவர் தலையசைத்தார். அதை அப்போது நினைக்க நேரமில்லை.

மூதாட்டிக்கு மேடைப் பேச்சு வராது. காய்ச்சல் எந்தக் கிழமை தொடங்கியது என்பதில் தடுமாறினார்; புதன் என்றார், இல்லை வியாழன் என்றார். யார் வந்து மழித்தார், மழித்த முடியை எந்தத் துணியில் சுற்றினார்கள், வேலைக்குக் கிளம்பிய காலையில் அம்மா மொட்டைத் தலையில் சாம்பல் துணியைக் கட்டிக்கொண்டு, "இனிமே தடவிப் பாக்கிறவளுக்கு வேலை மிச்சம்" என்று சிரித்தது, எல்லாம் முன்பின்னாக வந்தன. பேசிக்கொண்டே வலக்கையால் வெற்றுக் காற்றில் எதையோ தடவினார். அது எவ்வளவு உயரத்தில் இருந்தது என்பதை மஞ்சள் அக்கா பார்த்தார். படுத்திருக்கும் பிள்ளைக்குப் பக்கத்தில் தாயின் தலை இருக்கும் உயரம்.

அவர் சொல்லி முடித்ததும் பின்வரிசைக்காரர் விடாமல் மறுபடியும் எழுந்தார். இம்முறை குரல் தணிந்திருந்தது.

"பாட்டிம்மா, அப்ப நெருப்பு எப்படி வந்திருக்கும்னு உங்களுக்குத் தோணுது?"

"எனக்கும் தெரியாதுப்பா" என்றார் மூதாட்டி. "தெரியாமத்தான் எழுபத்தெட்டு வருஷம் இருந்திருக்கேன். உனக்கு என்ன அவசரம்? உக்காரு."